அக்கா தலையில் விழுந்தது

எழுபதைத் தாண்டியவர்கள் மட்டும் கொஞ்சம் கிட்டே வந்து உட்காருங்கள். சின்னவர்களிடம் இதைச் சொன்னால் சிரித்துவிட்டுப் போய்விடுவார்கள். பஞ்சாங்கத்தில் பல்லி விழும் பலன் என்று ஒரு கட்டம் போட்டிருப்பார்களே, உங்கள் வீட்டிலும் அதைப் பார்த்திருப்பார்கள். தோளில் விழுந்தால் ஒன்று, தொடையில் விழுந்தால் ஒன்று, தலையில் விழுந்தால் வேறொன்று. சுவரில் தன்பாட்டுக்குப் போய்க்கொண்டிருந்த பல்லி கால் வழுக்கி விழுந்ததற்குக் குடும்பமே தலைமுழுகி விளக்கேற்றிய காலம் அது. அந்தக் கட்டத்தால் எங்கள் வீட்டில் ஒரு கல்யாணப் பேச்சு முறிந்தது. எல்லாரும் பல்லி மேல் பழி போட்டார்கள். உண்மை தெரிந்த நான் வாயை மூடிக்கொண்டிருந்தேன். எனக்கு அப்போது பத்து வயது.

அப்பா குற்றாலத்துக்கும் செங்கோட்டைக்கும் நடுவில் ஒரு தோட்டத்தில் மேஸ்திரியாக இருந்தார். பாக்கு, தென்னை, பலா, கிராம்பு எல்லாம் கலந்து கிடக்கும் தோட்டம். உள்ளேயே எங்களுக்கு ஒரு ஓட்டு வீடு. ஆனி ஆடியில் ஊர் உலகமெல்லாம் எண்ணெய் தேய்த்துக்கொண்டு அருவிக்கு வரும். தை பிறந்துவிட்டால் ஒரு குஞ்சு இருக்காது. அருவி நூலாக இறங்கும். கடைக்காரர்கள் பலகையைச் சாத்திவிட்டுப் போய்விடுவார்கள். பிடுங்கித் தின்ன ஆள் இல்லாத குரங்குகள் எங்கள் ஓட்டைப் பிரித்துப் பார்க்கும். ஊருக்கு ஆடி சீசன் என்றால் எனக்குத் தை, மாசிதான் சீசன். அடைமழை விட்டு வெயில் ஏறியதும் ஊர்கிற ஜென்மங்கள் அத்தனையும் காய்வதற்கு வெளியே வரும். நானும் அவற்றோடு காயப் போவேன்.

வேலியில் ஓணான்கள் தலை சிவந்து தண்டால் எடுக்கும். தாகத்துக்கு ராமர் தண்ணீர் கேட்டபோது ஓணான் மூத்திரத்தைக் கொடுத்ததாம், அதற்குத் தண்டனை என்று பையன்கள் ஈர்க்கில் சுருக்கு வைத்துப் பிடித்து அதன் வாயில் மூக்குப்பொடி போடுவார்கள். நான் அந்தச் சுருக்குகளைத் தேடித் தேடி அறுத்துவிடுவேன், அதற்காகப் பையன்களிடம் அடியும் வாங்குவேன். கல் இடுக்கில் அரணை மினுங்கும். அது கடிக்க வந்து, பாதி வழியில் வந்த காரியத்தை மறந்து திரும்பிவிடும் என்பார்கள். அதைப் பார்த்துவிட வேண்டும் என்று ஒரு நாள் காலை முழுக்க ஒரு அரணை பக்கத்தில் காலை நீட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். அது கடிக்க வரவே இல்லை. வராத ஒன்று எதை மறக்கும்? கொம்பேறி மூக்கன் கடித்துவிட்டு, சுடுகாட்டு மரத்தில் ஏறிப் புகை வருகிறதா என்று பார்த்துக்கொண்டிருக்குமாம். அதையும் நம்பித்தான் இருந்தேன். எங்கள் வீட்டுப் புளியமரத்தில் இருந்த மூக்கன் ஒரு தவளையை விழுங்கிவிட்டு மத்தியானம் முழுக்கத் தூங்கியதைப் பார்த்த பிறகு அந்த நம்பிக்கையும் போய்விட்டது.

அக்காவுக்குப் பத்தொன்பது வயது. அக்கா வைக்கும் குழம்பு அம்மாவுக்குப் பெரிய கவலை. உப்பு இருந்தால் புளி இருக்காது, புளி இருந்தால் அடி பிடித்திருக்கும். பச்சைப் பாம்பைத் தலையிலிருந்து வால்வரை மூன்று தரம் உருவிவிட்டால் கைக்குச் சமையல் மணம் வந்துவிடும் என்று அம்மா யாரிடமோ கேட்டு வந்தாள். கொடிப் பந்தலில் எப்போதும் ஒரு பச்சைப் பாம்பு தொங்கும். பாக்குப் பறிக்க வருபவர் கவைக் கம்பால் அதன் தலையை அழுத்திப் பிடித்துக்கொண்டார். அக்கா கண்ணை இறுக மூடிக்கொண்டு, 'எம்மா, எம்மா' என்று கத்தியபடியே மூன்று தரம் உருவினாள். நான் கேட்காமலே ஏழு தரம் உருவினேன். குளிர்ச்சியாக, வழவழவென்று, ஈர வெற்றிலையைத் தடவியது போல இருந்தது. அன்றைக்கு அக்கா வைத்த ரசத்தை அப்பா ஒரு வாய் குடித்துவிட்டு, "பாம்புக்கும் சமைக்கத் தெரியாது போலிருக்கே" என்றார். அக்காதான் எல்லாரையும் விட அதிகமாகச் சிரித்தாள்.

இவை எல்லாம் பிரஜைகள். ராஜா ஒருவர் மேலே இருந்தார். பாக்குப் பறிக்க வருபவர் என்றேனே, அவர் ஆரியங்காவுப் பக்கத்துக்காரர். ஒரு மரத்தில் ஏறினால் லேசில் தரைக்கு வர மாட்டார். உச்சியை ஆட்டி ஆட்டி அடுத்த மரத்தை எட்டிப் பிடித்து அப்படியே தாவிப் போவார். ஒரு நாள் மேலேயிருந்து, "மோளே, இங்கோட்டு நோக்கு, பறக்கும் ஓந்து! அதும் என்னைப் போல, தரைக்கு வராது" என்று கத்தினார். ஓந்து என்றால் மலையாளத்தில் ஓணான். அண்ணாந்து பார்த்தேன். பட்டையில் ஒரு துண்டு பெயர்ந்து காற்றில் சறுக்கிக்கொண்டு போய் அடுத்த மரத்தில் ஒட்டியது. ஒட்டிய கையோடு மேலே ஓடியது.

அந்த நாளிலிருந்து எனக்கு வேறு சோலி கிடையாது. பாசி படிந்த பாக்குப் பட்டையின் நிறம்தான் அதன் நிறம். மூக்குக்கு நேரே இருந்தாலும் தெரியாது. விரல் நீளம் உடம்பு, அதைவிட நீளமாக வால். கண்ணுக்கு மேலே ஒரு சின்ன முள், கொம்பு முளைக்கப் பார்த்து வேண்டாம் என்று விட்டுவிட்டது மாதிரி. ஆணுக்குத் தொண்டையில் எலுமிச்சம்பழ மஞ்சளில் ஒரு மடல் உண்டு. காலை எட்டு மணி வெயில் மரத்தில் பட்டதும் அந்த மடலை நீட்டும், மடக்கும், நீட்டும். பக்கத்து மரத்தில் இன்னொரு ஆண் பதிலுக்கு நீட்டும். சண்டையா, குசலம் விசாரிப்பா என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. எறும்பு வரிசைக்கு முன்னால் பந்தியில் உட்கார்ந்தவர் போல உட்கார்ந்து ஒவ்வொன்றாக நக்கி எடுக்கும். தாவும்போது விலாவின் இரண்டு பக்கமும் தோல் விரியும், மஞ்சளும் கறுப்புமாக. சிறகு அடிக்காது. பெண் மட்டும் முட்டையிடுவதற்காகத் தரைக்கு வரும். மூக்கால் மண்ணைக் குத்திப் பள்ளம் பறித்து, முட்டைகளை இட்டு, மண்ணை மூடித் தலையாலேயே தட்டிவிட்டு மரம் ஏறிவிடும். முட்டையைத் திரும்பிக்கூடப் பார்க்காது.

பள்ளிக்கூடத்தில் பறக்கும் பிராணிகள் ஐந்து எழுதச் சொன்னார்கள். நான் காக்கை, கிளி, வௌவால், ஓணான், தும்பி என்று எழுதினேன். வாத்தியார் ஓணானைச் சிவப்பு மசியால் அடித்து, என்னைப் பெஞ்சு மேல் ஏற்றி, "ஏட்டி, ஒங்க ஊரு ஓணான் பறக்குமோ? எரும பறக்காதோ?" என்றார். வகுப்பே சிரித்தது. எனக்கு அழுகை வரவில்லை, ஆத்திரம்தான் வந்தது. எப்படியாவது இதை நாலு பேருக்குக் கண்ணாரக் காட்டிவிட வேண்டும் என்று அன்றைக்கே முடிவு கட்டினேன். கெட்ட காலம், அந்த நாலு பேர் மாப்பிள்ளை வீட்டுக்காரர்களாக அமைந்துவிட்டார்கள்.

மாப்பிள்ளைக்குச் சிவகிரி. பட்டாளத்தில் இருந்தார், இரண்டு மாத லீவில் வந்திருந்தார். லீவு முடிவதற்குள் பெண் பார்த்துத் தாலி கட்டி முடித்துவிட வேண்டும். அவருக்கு அப்பா இல்லை. அம்மாதான் நெட்டையாக, வெள்ளைச் சேலையில், நறுக்கென்று பேசுகிறவராக வந்திருந்தார். கூடவே மாப்பிள்ளையின் பெரியப்பா. அவர் சட்டைப் பையில் எப்போதும் பஞ்சாங்கம் இருக்கும். பஸ் ஏறும் முன் நேரம் பார்த்து, நல்ல நேரம் வருவதற்காக இரண்டு பஸ்ஸை விட்டுவிட்டு மூன்றாவதில் வந்தார்களாம்.

எங்கள் வீட்டுக்குள் நாலு பேர் சேர்ந்தாற்போல் உட்கார முடியாது. அதனால் முற்றத்துப் பலாமரத்தடியில் ஜமுக்காளம் விரித்திருந்தது. என்னை அடுப்படியை விட்டு வரக்கூடாது என்று அப்பா சொல்லியிருந்தார். அப்பா கோபக்காரர். அவர் இடுப்புத் தோல்வாரின் அகலம் என் முதுகுக்குத் தெரியும். ஆனாலும் பின்பக்கமாகப் போய்ப் பலாமரத்தில் ஏறிவிட்டேன். மாப்பிள்ளையைப் பார்க்கத்தான் ஏறினேன். மீசை நன்றாக இருந்தது. அப்புறம் திரும்பினால், என் கைக்கெட்டும் தூரத்தில் ராஜா. வெயிலில் மஞ்சள் மடலை நீட்டிக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார்.

சிவகிரி பொட்டல் காடு. பருத்தியும் மிளகாயும் விளைகிற ஊர்க்காரர்கள் இதை எங்கே பார்த்திருக்கப் போகிறார்கள்? நம் வீட்டுக்கு வந்தவர்கள் ஓர் அதிசயத்தைப் பார்த்துவிட்டுப் போகட்டுமே என்று நினைத்தேன். சத்தியமாக அவ்வளவுதான் நினைத்தேன். கையில் இருந்த ஈர்க்கால் அதன் வாலில் மெல்ல ஒரு குத்துக் குத்தினேன்.

தாவியது. அழகாக விரித்துக்கொண்டு எதிரே இருந்த பாக்கு மரத்தைப் பார்த்துத்தான் போனது. அந்த நேரம் பார்த்து அக்கா காபித் தட்டோடு நடுவில் வந்து நின்றாள். நெட்டுக்கு நின்ற அக்காவை மரம் என்று நினைத்ததோ என்னவோ, உச்சந்தலையில், கனகாம்பரத்துக்கு மேலே, வந்து ஒட்டிக்கொண்டது. அக்கா ஒரு தரம் அண்ணாந்தாள். தட்டு ஆடியது. ஒரு டம்ளர் காபி பெரியப்பா மடியில் போனது. ஓணான் அக்கா தோளுக்கு இறங்கி அங்கிருந்து மரத்துக்குப் போய்விட்டது. கீழே இருந்தவர்கள் எல்லாரும் மாப்பிள்ளையையும் பெண்ணையும் மாறி மாறிப் பார்த்துக்கொண்டிருந்தவர்கள். அவர்களுக்குத் தெரிந்தது சாம்பல் நிறமாக ஒரு வால்.

"பல்லி! பல்லி! பொண்ணு தலையில பல்லி!" என்று பெரியப்பா கத்தினார். காபி சுட்டதில் பாதிச் சத்தம் வந்திருக்கும். வேட்டியைக்கூட உதறாமல் பஞ்சாங்கத்தை எடுத்துக் கட்டத்தில் விரலை ஓட்டினார். தலைக்கு நேரே விரல் நின்றது. "மரண பயம்னுல்லா போட்டிருக்கு" என்றார்.

மாப்பிள்ளையின் அம்மா எழுந்துவிட்டார். அம்மா ஓடிப்போய்க் கையைப் பிடித்தாள்.

"மதினி, ஒரு பல்லி விழுந்ததுக்கு இப்படி எந்திரிச்சா எப்படி? ரெண்டு வாயி சாப்பிட்டுட்டுப் போங்க."

"எனக்கு இருக்கது ஒத்தப் புள்ள. அவன் நிக்கது துப்பாக்கி முன்னால. பொண்ணு லட்சணமாத்தான் இருக்கா, நான் இல்லைங்கல. ஆனா இதைப் பாத்த பெறவு எனக்குத் தைரியம் இல்ல மதினி. என்னைய விட்டுருங்க."

மாப்பிள்ளை ஏதோ சொல்ல வாயைத் திறந்தார். அவர் அம்மா பார்த்த பார்வையில் மூடிக்கொண்டார். வாசல் தாண்டும்போது ஒரு தரம் திரும்பி அக்காவைப் பார்த்தார். அக்காவும் பார்த்தாள். மேலே இருந்த எனக்கு இரண்டு முகமும் தெரிந்தது. இது வெறும் பெண் பார்த்தல் இல்லை, அதற்குள் ஏதோ ஆகிவிட்டது என்று எனக்கே விளங்கியது.

அப்புறம் நடந்த பரிகாரங்களை நினைத்தால் இப்போது சிரிப்பு வருகிறது. காஞ்சிபுரத்தில் தங்கப் பல்லியைத் தொட்டவர்களுக்குப் பல்லி தோஷம் அண்டாது, தொட்டவரைத் தொட்டாலும் போதும் என்பார்கள் இல்லையா? காஞ்சிபுரம் போய்வந்த ஓர் அம்மாள் தென்காசியில் இருப்பதாகக் கேள்விப்பட்டு, அம்மா அக்காவை அழைத்துக்கொண்டு போனாள். மொட்டைக் கோபுரத்துக்குப் பக்கத்துச் சந்தில் வீடு. அந்த அம்மாள், பல்லியைத் தொட்டது வலது கையா இடது கையா என்று மறந்துபோய்விட்டது என்று சொல்லி, இரண்டு கையாலும் அக்காவைத் தடவி அனுப்பினார். அக்கா எல்லாவற்றுக்கும் தலையை நீட்டினாள். ஆனால் சிரிக்கவில்லை. குழம்பில் உப்பும் புளியும் சரியாக இருந்தன. அதுதான் எனக்குப் பயமாக இருந்தது. ஒரு வாரத்துக்கு அக்கா பாட்டு முணுமுணுக்காமல், என் சடையை இழுக்காமல், ஒரே நிதானமாகச் சமைத்துக்கொண்டிருந்தாள்.

சொல்லிவிடலாம் என்று தினமும் அப்பா முன்னால் போய் நிற்பேன். தோல்வார் கண்ணில் படும். திரும்பிவிடுவேன். என்னைப்போல ஒரு அரணை அந்தத் தோட்டத்தில் வேறு இல்லை.

கடைசியில் மாமாவிடம் போனேன். அம்மாவுடன் பிறந்தவர், தென்காசியில் சைக்கிள் கடை வைத்திருந்தவர். கடையைவிடப் பேச்சில் ஆசை அதிகம். அவரிடமும் முக்கால் உண்மைதான் சொன்னேன். விழுந்தது பல்லி இல்லை, பறக்கும் ஓணான் என்று சொன்னேன். குத்தியதைச் சொல்லவில்லை.

மாமா துள்ளி எழுந்தார். "ஏட்டி, பல்லி இல்லைன்னா பலனும் இல்லல்லா! இதை மொதல்லயே சொல்லுததுக்கு ஒனக்கு என்ன கொள்ளை? லீவு முடிய இன்னும் இருபத்தஞ்சு நாளுதான் கெடக்கு."

"அப்பாவைப் போகச் சொல்லுங்க மாமா."

"ஒங்க அப்பாவா? பொண்ணைப் பெத்தவன் படியேறிப் போயிக் கெஞ்சுறதான்னு குதிப்பாரு. நாம போவோம். ஆனா வாயில சொன்னா எவன் நம்புவான்? உருப்படியோட போவணும்."

பாக்குப் பறிப்பவர் உருப்படியைப் பிடித்துக் கொடுத்தார். பனையோலைக் கொட்டானில் பாசிப் பட்டை போட்டு, நாலு எறும்பையும் போட்டு, மூடியைக் கயிற்றால் கட்டினோம். கோயிலுக்குப் போகிறோம் என்று வீட்டில் சொல்லிவிட்டுத் தென்காசியில் பஸ் ஏறினோம். கடையநல்லூர் தாண்டியதும் மாமா மடியில் இருந்த கொட்டானைக் கண்டக்டர் பார்த்தார்.

"என்ன அண்ணாச்சி அது, கருப்பட்டியா?"

"ஓணான்" என்றார் மாமா.

"நான் மரியாதையாத்தான கேட்டேன்? அதுக்கு இப்படியா பதில் சொல்லுவிய?" என்று கண்டக்டர் கோபித்துக்கொண்டு போனவர் அப்புறம் வாசுதேவநல்லூர் வரை எங்கள் பக்கம் வரவில்லை.

சிவகிரியில் மாப்பிள்ளை வீட்டு முற்றம் முழுக்க மிளகாய் வத்தல் காய்ந்துகொண்டிருந்தது. மாப்பிள்ளையின் அம்மா அதைக் காலால் தள்ளிக் கிளறிக்கொண்டிருந்தார். மாப்பிள்ளை வாசற்படியில் உட்கார்ந்து பூட்சுக்குப் பாலிஷ் போட்டுக்கொண்டிருந்தார். எங்களைப் பார்த்ததும் ஒரு காலில் பூட்சோடு எழுந்து நின்றார். பெஞ்சில் பெரியப்பா, பையில் பஞ்சாங்கம்.

மாமா திருநெல்வேலி போய் மதுரை போய்ச் சுற்றி வளைத்துப் பேசி விஷயத்துக்கு வந்தார். நான் மூடியைத் திறந்தேன். ஓணான் பட்டையோடு பட்டையாகக் கிடந்தது. அசையவில்லை. மாமா அதை எடுத்து மரத்தூணில் ஒட்டவைத்தார். பெரியப்பா எட்டிப் பார்த்தார்.

"இதுக்கா பஸ்ஸு ஏறி வந்திய? எங்க வேலியில நூறு கெடக்கு."

"இது பறக்கும்" என்றேன்.

"ஆமா, நானும் பறப்பேன்."

வகுப்பில் கேட்ட அதே சிரிப்பு. மாமா முகம் விழுந்துவிட்டது. போச்சு என்று நினைத்தேன். அப்போது முற்றத்து வெயில் தூணில் ஏறியது. ஓணானுக்குச் சூடு பிடித்தது. மெல்ல நகர்ந்து மேலே போய் உத்தரத்தில் நின்று, மஞ்சள் மடலை ஒரு தரம் நீட்டியது. மாப்பிள்ளையின் அம்மா, "ஆத்தாடி, தொண்டையில பூவு!" என்றார். அவர் சொல்லி வாய் மூடவில்லை. அது தாவிவிட்டது.

மிளகாய்ச் சிவப்புக்கு மேலே மஞ்சளும் கறுப்புமாக விரித்துக்கொண்டு முற்றத்தை இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிக்குக் கடந்தது. அவ்வளவு அழகாக எங்கள் தோட்டத்தில்கூட அது பறந்து நான் பார்த்ததில்லை. மரமே இல்லாத அந்த முற்றத்தில் நெட்டையாக நின்றது ஓர் ஆள்தான். மாப்பிள்ளையின் அம்மா தலையில் போய் ஒட்டிக்கொண்டது.

பெரியப்பா கை தானாகப் பைக்குப் போனது.

"அதை உள்ள வையிங்க" என்றார் மாப்பிள்ளையின் அம்மா, தலையை அசைக்காமலே. "எம் பூவும் பொட்டும் போயிப் பதினஞ்சு வருசம் ஆச்சு. எந்தப் பல்லியும் விழாமத்தான் போச்சு. இனிமே எந்தலையில விழுந்து எதைக் கொண்டுக்கிட்டுப் போவப் போவுது?"

சத்தமாகச் சொல்லவில்லை. கடுமையான மனுஷி என்று ஒரு வாரமாக நான் மனசுக்குள் வைது தீர்த்திருந்தேன். அப்படி இல்லை, பயந்தவர், ஒரு தரம் எல்லாம் போய்ப் பார்த்தவர் என்று இப்போது என் வயதில் தெரிகிறது. அன்றைக்கு எனக்குத் தெரிந்தது அவர் கண் கலங்கியது மட்டும்தான். அதைப் பார்த்ததும் என் வாய் திறந்துகொண்டது.

"அத்தை, அது தானா விழல. நான்தான் குத்திவிட்டேன். அன்னைக்கு நான் பலாமரத்து மேல இருந்தேன்."

மாமா என்னைப் பார்த்த பார்வை இருக்கிறதே!

"நீயா? எதுக்குட்டி குத்துன?"

"நீங்க பாக்கணும்னுதான். ஒங்க ஊருல இது கிடையாதுல்லா. பறக்கதைப் பாத்தா சந்தோசப்படுவியன்னு நினைச்சேன்."

அவர் உதடு கோணியது. அழப்போகிறார் என்று நினைத்தேன். சிரித்தார். முதலில் மெல்ல, அப்புறம் இடுப்பில் கையை வைத்துக்கொண்டு, குலுங்கிக் குலுங்கி. தலையில் இருந்த ஓணான் ஆட்டம் தாங்காமல் கொண்டையைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டது. அதைப் பார்த்து மாப்பிள்ளை சிரித்தார். மாமாவும் சேர்ந்துகொண்டார்.

"விதி தள்ளி விழுந்தாத்தான் பலன்" என்றார் மாப்பிள்ளையின் அம்மா, முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டே. "சின்னப்புள்ள குத்தி விழுந்ததுக்கு ஏது பலன்?"

"அப்படி ஒண்ணும் பஞ்சாங்கத்துல போடலையே" என்றார் பெரியப்பா.

"போடலைன்னா நீங்க எழுதிக்கிடுங்க. எலே, ஒனக்குச் சம்மதந்தானே?"

மாப்பிள்ளை பாலிஷ் கையோடு வந்து அம்மா தலையிலிருந்து ஓணானை மெதுவாக எடுத்தார். கொட்டானில் விட்டு என்னிடம் கொடுத்தார். "இதைக் கொண்டுபோயி அந்த மரத்துலயே விட்டுரு. இங்கன இதுக்கு இடம் பத்தாது" என்றார். அப்புறம் குரலை இறக்கி, "ஒங்க அக்கா சாப்பிடுதாளா?" என்று கேட்டார். சாப்பிடுகிறாள், ஆனால் சமையல் நன்றாக இருக்கிறது என்றேன். அவருக்கு விளங்கவில்லை.

அதிலிருந்து பத்தொன்பதாம் நாள் கல்யாணம் நடந்தது. லீவில் மிச்சம் இருந்த நாளும் பறந்துவிட்டது. அடுத்த வருஷம் சீனாக்காரன் சண்டை வந்து, இரண்டு மாதம் அத்தானிடமிருந்து கடிதம் இல்லாமல் இருந்தபோதுகூட அந்த அத்தை பல்லி என்ற சொல்லை வாயில் எடுக்கவில்லை. அத்தான் இரண்டு கால்விரலைப் பனிக்குக் கொடுத்துவிட்டு மற்றதெல்லாம் சரியாகத் திரும்பி வந்தார். அக்கா வைத்த குழம்பை நாற்பது வருஷத்துக்கு மேல் சாப்பிட்டும் உயிரோடு இருந்தார்.

ஆனால் நான் சொல்ல வந்தது சிவகிரியிலிருந்து திரும்பிய அன்றைய சாயங்காலத்தை. மாமா வாசலிலேயே அப்பாவையும் அம்மாவையும் பிடித்துக்கொண்டு, என் பங்கை லேசாக விழுங்கிவிட்டு, மீதியை ஒன்றுக்கு நாலாகச் சொல்லிக்கொண்டிருந்தார். நான் ஓணானைப் பலாமரத்தில் விட்டுவிட்டுக் கிணற்றடிக்கு ஓடினேன். அக்கா பாத்திரம் துலக்கிக்கொண்டிருந்தாள். விஷயத்தைச் சொன்னேன். கையில் சாம்பலோடு என்னைக் கட்டிக்கொண்டாள். சந்தோஷத்தில் என் சடையை இழுத்த இழுப்பில் கண்ணில் நீர் வந்தது. அந்த நேரத்தில் நானும் மிச்சத்தைச் சொல்லிவிட்டேன்.

"அக்கா, அன்னைக்குக் குத்திவிட்டது நான்தான்."

"தெரியும்" என்றாள்.

எனக்குத் தூக்கிவாரிப் போட்டது.

"தலையில என்னமோ பட்டதும் நான் மேல பாத்தேம்லா. ஒன் பச்சைப் பாவாடை தொங்கிச்சு. கையில ஈர்க்கை வச்சுக்கிட்டு வாயைப் பொளந்துக்கிட்டு இருந்த."

"அப்பம் ஏன் சொல்லல? சொல்லியிருந்தா அன்னைக்கே எல்லாம் முடிஞ்சிருக்கும்லா? அப்பா அடிப்பாருன்னா?"

"அடி என்னட்டி, ரெண்டு நாளுல ஆறிரும்" என்றாள் அக்கா. குனிந்து மறுபடியும் பாத்திரத்தைத் தேய்த்தாள். "நான் சொல்லியும் அவிய ஏத்துக்கிடாமப் போயிருந்தா? அக்கா கல்யாணத்தைக் கெடுத்தவன்னு ஒனக்குப் பேராயிரும். எனக்கு மாப்பிள்ளை இன்னொருத்தன் வருவான். அந்தப் பேரு வந்தா ஒன்னைய விட்டுப் போவாதுல்லா."